பத்து வீதம்

தேநீருக்குச் சீனி முடிந்துவிட்டது என்று நீங்கள் வருத்தப்பட வேண்டியதில்லை. நான் சீனியை விட்டுப் பல காலம். கதவடியில் படுத்திருக்கும் உங்கள் பொலிஸ் நிலையத்துப் பூனைக்கும் சீனி இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன, எல்லாம் ஒன்றுதான். பூனைக்கு இனிப்பு என்ற சுவையே தெரியாது. அதை உணரும் பகுதி அதன் நாக்கில் இல்லை. சீனி போட்ட பாலைக் கொடுத்தால் அது பாலுக்காகக் குடிக்கும். நாங்கள்தான் அது சீனிக்காகக் குடிக்கிறது என்று நினைத்துக்கொள்வோம்.

பார்த்தீர்களா, நீங்கள் கேட்கவில்லை, நானாகவே சொல்லிவிட்டேன். இது என்னுடைய வியாதி. இந்த வியாதியை மாற்றப் பார்த்த ஒரு மனிதரைப் பற்றித்தான் நீங்கள் இப்போது கேட்கிறீர்கள். சொல்கிறேன். எழுத்துத் தமிழிலேயே சொல்கிறேன், நீங்கள் பிறகு இருந்து திருத்துகிற வேலை மிச்சம். வேகமாக எழுத ஏலாவிட்டால் கையைக் காட்டுங்கள், நிறுத்துகிறேன். வகுப்பில் சொல்வதெழுதுதல் வைத்த பழக்கம் எனக்கு இன்னும் போகவில்லை.

என் பெயர் பிலிப்பு. நாரந்தனையில் பிலிப்பு மாஸ்ரர் என்று கேட்டால் வீட்டைக் காட்டுவார்கள். விஞ்ஞானமும் புவியியலும் படிப்பித்து ஓய்வு பெற்றவன். ஆனால் பாடப் புத்தகத்தை விட அதற்கு வெளியே கிடக்கும் சங்கதிகளில்தான் எனக்கு ஆசை. சலூனில், கூப்பன் கடையில், பூசை முடிந்து கோயில் வாசலில், எங்கே நாலு பேர் நின்றாலும் "தெரியுமோ?" என்று தொடங்கிவிடுவேன். அதனால் ஊர் எனக்குத் "தெரியுமோ மாஸ்ரர்" என்று பட்டம் வைத்திருந்தது. அது எனக்குக் கோபமில்லை. ஊர்காவற்றுறை இறங்குதுறையில் நின்று பார்த்தால் கடலுக்குள் கோட்டை ஒன்று தெரிகிறது அல்லவா, அதற்கு ஒல்லாந்தர் வைத்த பெயருக்குப் பன்றித் தொடையின் குதிகால் என்று அர்த்தம். முழு இலங்கையும் அவர்களுடைய கண்ணுக்கு ஒரு பன்றித் தொடையாகத் தெரிந்திருக்கிறது. நாங்கள் அதன் குதிகாலில் குடியிருக்கிறோம். இதைச் சொன்னால் சனம் விழுந்து விழுந்து சிரிக்கும். அது என்னோடு சேர்ந்து சிரித்த சிரிப்பு. பிறகு வந்தது வேறு.

இறந்துபோன ஜெகதீஸ் என் மனைவியின் தம்பி. நல்ல மனிதர். அதை முதலில் எழுதிக்கொள்ளுங்கள். சொந்தமாகப் படகு வைத்திருந்தார். இயந்திரத்தின் சத்தத்துக்கு மேலால் கத்திக் கத்திக் கரையிலும் அதே குரலில்தான் கதைப்பார். என் மனைவி போனபின் அவரே வந்து, தனியாக இருந்து சோறு பொங்க வேண்டாம், நேரத்துக்கு எங்கள் வீட்டுக்கு வாருங்கள் என்று கூட்டிக்கொண்டு போனார். எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. அன்று முதல் மூன்று வேளையும் அவர் வீட்டில்தான் சாப்பிட்டேன். அவருடைய மனைவி துஷாந்தி ஒருநாளும் முகம் சுளித்ததில்லை. மகள் றொஷானியின் கணவன் கட்டாரில் வேலை செய்கிறான். ஆகவே அவளும் தாய் வீட்டோடு இருந்தாள். போன ஆண்டு கடைசியில் அவளுக்கு ஒரு பெண்குழந்தை பிறந்தது. ஞானஸ்நானத்தில் என் மனைவியின் பெயரையும் சேர்த்து வைத்தார்கள்.

என் மனைவியைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். நான் என்ன சொன்னாலும் அவள் "ம்" என்பாள். மீன் வெட்டிக்கொண்டு "ம்", செபமாலையை உருட்டிக்கொண்டு "ம்". கேட்டாளா இல்லையா என்று எனக்குத் தெரியாது. ஆனால் அந்த "ம்" இல்லாத வீட்டில் ஒரு மனிதன் எதைத் தெரிந்து வைத்திருந்தும் பிரயோசனமில்லை.

ஜெகதீஸுக்கு மருமகன் கட்டாரிலிருந்து ஒரு நல்ல போன் அனுப்பியிருந்தான். சாப்பாட்டு மேசையில் நான் ஏதாவது சொன்னால், "பொறுங்கோ அத்தான், பாப்பம்" என்று அதை எடுப்பார். குழம்பு விரலைச் சட்டையில் துடைத்துவிட்டுத் தேடுவார். நான் சொன்னது சரி என்று வந்தால், ஏதோ வலையில் மீன் படாதது போல "சரிதான்" என்பார். ஒருநாளும் அதைப் பாராட்டாகச் சொன்னதில்லை. இப்படித்தான் ஒவ்வொரு நாளும் என்னுடைய சோறு எனக்குப் பரீட்சை முடிந்த பிறகுதான் இறங்கியது.

கோயில் திருவிழாவுக்கு முதல் நாள் மாலையில் பொது அறிவுப் போட்டி நடக்கும். அதைத் தொடங்கியவன் நான், ஆண்டாண்டாக நடத்தியவனும் நான். கேள்விகளை நானே எழுதுவேன். போன ஆண்டுத் திருவிழாக் குழுவுக்கு ஜெகதீஸ் தலைவர். கடைசிக் கேள்வி, கிண்ணத்துக்குரிய கேள்வி, மனிதன் தன் மூளையில் நூற்றுக்கு எத்தனை வீதத்தைப் பயன்படுத்துகிறான் என்பது. நான் பல ஆண்டுகளாகக் கேட்டு வரும் கேள்வி. பிள்ளைகளுக்கே மனப்பாடம். ஒரு பிள்ளை எழுந்து "பத்து வீதம்" என்றது. சரி என்றேன். சனம் கைதட்டியது.

அப்போது ஜெகதீஸ் ஒலிவாங்கியைக் கையில் எடுத்தார். "ஒரு நிமிசம் அத்தான்" என்றார். போனைப் பார்த்து வாசித்தார். அது உலகம் முழுவதும் பரவிய பிழையான நம்பிக்கை, மனிதன் தன் மூளை முழுவதையும்தான் பயன்படுத்துகிறான், விஞ்ஞானிகள் நிரூபித்துவிட்டார்கள் என்று. அவர் வாசித்தது சரி. நான் பிறகு நூலகத்தில் போய்ப் பார்த்தேன். பொய்யை முப்பது ஆண்டு படிப்பித்திருக்கிறேன். ஆனால் அந்த நேரத்தில் பின்வரிசையில் இருந்து யாரோ, "அது மாஸ்ரற்ற மூளையா இருக்கும்" என்றான். கோயில் வளவு முழுவதும் சிரித்தது. பங்குச் சுவாமி கைக்குட்டையால் வாயை மூடிக்கொண்டார். முன்வரிசையில் றொஷானி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். அப்போது அவளுக்கு எட்டு மாதம். அவளை நான் குறை சொல்லவில்லை. சிரிப்பு வந்தால் சிரிக்கத்தான் வேண்டும்.

நீங்கள் வெளியூர். தீவில் ஒருவனுக்குப் பட்டம் வைத்தால் அது கல்லறையிலும் கழலாது என்பது உங்களுக்குத் தெரியாமல் இருக்கலாம். அடுத்த நாள் தேநீர்க் கடையில் "பத்து வீதத்துக்கு ஒரு பிளேன்ரீ" என்றார்கள். சைக்கிளில் போனால் பள்ளிக்கூடப் பிள்ளைகள் "பத்து வீதம் போகுது" என்றார்கள். அவர்களுடைய தாய் தகப்பனுக்கு ஆவர்த்தன அட்டவணை சொல்லிக்கொடுத்தவன் நான். அவமானம் என்று ஒரு சொல்லால் அதை எழுதிவிடுங்கள், போதும்.

ஜெகதீஸ் அதைக் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை. செய்திருந்தால் எனக்கு இலகுவாக இருந்திருக்கும். ஒருநாள் மத்தியானம் என்னுடைய தட்டில் ஒரு பெரிய மீன் துண்டை வைத்துவிட்டு, மிகவும் தன்மையாகச் சொன்னார்: "அத்தான், இனிக் கேட்டால் மட்டும் சொல்லுங்கோ. சனம் பகிடி பண்ணுறது எனக்கும் ஒரு மாதிரிக் கிடக்கு."

அன்றிலிருந்து நான் கேட்டால் மட்டும் சொன்னேன். யாரும் கேட்கவில்லை. மாதக் கணக்கில் அந்த மேசையில் இருந்து சோற்றைத் தின்றுவிட்டு, கையைக் கழுவிவிட்டு எழுந்து போயிருக்கிறேன்.

ஒரே ஒருவரிடம் மட்டும் அந்த ஒப்பந்தத்தை மீறினேன். றொஷானியின் குழந்தை. துஷாந்தியும் றொஷானியும் குசினியில் நிற்கும்போது ஏணையை ஆட்டுகிற வேலை என்னுடையது. ஆட்டிக்கொண்டே சொல்லுவேன். கணவாய்க்கு மூன்று இதயம். மரங்கள் தோன்ற முந்தியே சுறா கடலில் இருந்தது. வெள்ளிக் கிரகத்தில் ஒரு நாள் ஓர் ஆண்டை விட நீளம். அவள் கண்ணை அகல விரித்து என் வாயையே பார்ப்பாள். சில நேரம் "ம்" என்று ஒரு சத்தம் வரும். பால் குடித்த நிறைவில் வருகிற சத்தம் என்று எனக்குத் தெரியும். ஆனாலும் அது "ம்" தானே. ஒருநாளும் அவள் போனைத் தேடியதில்லை.

இனி அந்த வெள்ளிக்கிழமைக்கு வருகிறேன். தபசு காலம், வெள்ளிக்கிழமைகளில் நாங்கள் இறைச்சி தொடாத காலம். ஜெகதீஸின் வலையில் ஓர் ஆமை பட்டிருந்தது. ஆமையைப் பிடிப்பதும் வெட்டுவதும் சட்டப்படி குற்றம் என்பதை நான் உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. கடற்படைக்குத் தெரிந்தால் படகு போய்விடும். ஆகவே சாக்குக்குள் சுற்றிக் கொண்டுவந்து வீட்டுக்குப் பின்னால் வைத்து அவசரம் அவசரமாக வெட்டினார். அயலுக்குப் பங்கு கொடுக்கவில்லை, கொடுத்தால் கதை வெளியே போகும் என்று. அது ஒரு நல்லதாகப் போயிற்று என்று பிறகு நினைத்தேன்.

நான் போனபோது அவர் கை முழங்கை வரை இரத்தம். என்னைக் கண்டதும், "அத்தான், தபசு காலத்து வெள்ளிக்கிழமையில ஆமை சாப்பிடலாமோ?" என்று கேட்டார்.

கேட்டார். உங்களுக்கு அது சின்ன விஷயம். நான் சொன்னேன்: கனடாக் காசில் ஒரு பிராணியின் படம் இருக்கிறது, பீவர் என்று பெயர். நாலு கால், உடல் முழுக்க மயிர். ஆனால் தண்ணீரில் திரிகிறதால் அதை மீன் கணக்கில் சேர்த்துச் சுத்தபோசன நாளில் சாப்பிடலாம் என்று முந்திய காலத்தில் திருச்சபை விட்டுவிட்டது. தென் அமெரிக்காவில் ஆட்டளவு பெரிய எலி ஒன்றுக்கும் அதே சலுகை. அப்படியானால் கடலில் பிறந்து கடலில் வளர்ந்த ஆமைக்கு என்ன தடை? துஷாந்தி குசினி வாசலில் நின்று கேட்டாள். றொஷானி "உண்மையோ மாமா?" என்றாள். ஜெகதீஸ் போனை எடுக்கவில்லை. கை இரத்தம் என்பதால் எடுக்கவில்லை என்பது எனக்கு விளங்கியது. ஆனாலும் நான் சந்தோசமாக இருந்தேன். அதையும் எழுதுங்கள்.

அந்த ஆமை பேராமை அல்ல, அழுங்காமை. வாய் கிளியின் அலகு போல வளைந்திருக்கும். அதன் ஓட்டில்தான் முந்திச் சீப்பும் சிமிழும் செய்தார்கள். பேராமை புல்லைத் தின்பது, அதில் பெரும்பாலும் பயமில்லை. அழுங்காமை கடலடியில் பஞ்சுயிர்களைத் தின்னும். சில இடத்தில், சில காலத்தில், அதன் இறைச்சியில் நஞ்சு ஏறிவிடும். எது ஏறியது, எது ஏறாதது என்று பார்வைக்குத் தெரியாது. மணமில்லை. அவித்தாலும் பொரித்தாலும் போகாது. மாற்று மருந்தும் கிடையாது. எங்கள் கரைச் சனத்துக்குப் பஞ்சுயிரைப் பற்றித் தெரியாது. காகத்தைப் பற்றித் தெரியும். அழுங்காமை வெட்டினால் முதலில் ஈரலை எடுத்துக் காகத்துக்கு வைப்பார்கள். காகம் தின்றால் அடுப்பு மூட்டுவார்கள். தின்னாவிட்டால் முழு ஆமையையும் கடலுக்குள் இழுத்து விடுவார்கள். எத்தனை பசியிலும் இதை மீறியவர்கள் இல்லை.

வழக்கமாக ஈரலை வைத்துவிட்டு நின்று பார்ப்பது ஜெகதீஸேதான். அன்று அவருக்கு அவசரம். ஈரலை ஓலைத் துண்டில் வைத்து என்னிடம் நீட்டினார். "நீங்கள் சும்மாதானே நிக்கிறியள். போய்க் காகம் பாருங்கோ அத்தான்" என்றார். பிறகு கத்தியைத் தீட்டிக்கொண்டே சிரித்தார்.

"இதுக்குப் பத்து வீதம் போதும்."

அந்தச் சொல்லை அவர் அதற்கு முந்தி ஒருநாளும் என் முகத்துக்கு நேரே சொன்னதில்லை. ஊர் சொல்லும், அவர் சொல்லமாட்டார். இப்போது அவரும் சொல்லிவிட்டார், அதுவும் ஒரு பகிடியாக, அன்பாக. அப்போது றொஷானியும் சிரித்தாள். பீவரைக் கேட்டு வியந்த அதே முகம்.

நான் ஓலையைக் கொண்டுபோய் வளவின் கடற்கரைப் பக்கத்து முருகைக்கல் மதிலில் வைத்துவிட்டு, தள்ளிப் பூவரசுக்குக் கீழே நின்றேன். முதலாவது காகம் உடனே வந்தது. சுற்றி நடந்தது. அலகால் ஒரு தட்டுத் தட்டியது. பிறகு அலகைக் கல்லில் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் தேய்த்துத் துடைத்துவிட்டு எழும்பிப் போயிற்று. இன்னும் சில வந்தன. ஒன்றும் வாய் வைக்கவில்லை. கூடி இருந்து ஈரலைப் பார்த்தன, பிறகு என்னைப் பார்த்தன. மீன் செதில், செத்த எலி, பிள்ளைகளின் பாண் துண்டு, எதையும் விடாத சாதி அது. நான் நன்றாகக் காத்திருந்து பார்த்தேன். பரிசோதனையை அரைகுறையாகச் செய்கிற ஆள் நான் அல்ல.

பிறகு ஈரலை எடுத்துக் கடலுக்குள் வீசினேன். மதிலடியில் வீட்டு நாய் படுத்திருந்தது. அது தின்றுவிடக் கூடாது என்றுதான் வீசினேன். வாயில்லாப் பிராணி, அதற்கு ஏன் கெடுதல் நடக்க வேண்டும்.

திரும்பி வந்தபோது ஜெகதீஸ் தலை நிமிராமல் கேட்டார். "காகம் திண்டதோ?"

"ஓம்" என்றேன்.

அவ்வளவுதான் நான் செய்தது. வாழ்நாளில் ஆயிரக்கணக்கான கேள்விகளுக்கு விடை சொல்லியிருக்கிறேன். அதில் இதுதான் மிகவும் சிறிய விடை. நான் எதிர்பார்த்ததையும் சொல்லிவிடுகிறேன். எல்லோருக்கும் வாய் எரியும், வயிற்றைப் புரட்டும், இரண்டு நாள் படுப்பார்கள். அப்போது ஏன் என்று கேட்பார்கள். அழுங்காமையைப் பற்றி, பஞ்சுயிரைப் பற்றி நான் விளங்கப்படுத்துவேன். காகத்துக்கும் சில நேரம் பிழைக்கும் என்று சொல்லலாம் என்றிருந்தேன். சாவு வரும் என்று நான் நினைக்கவில்லை. சில பேர் சாவார்கள் என்பது தெரியும். ஆனால் எல்லா நேரமும் சாவதில்லை என்பதும் தெரியும்.

மத்தியானம் தேங்காய்ப்பாலும் வறுத்த தூளும் போட்டுச் சமைத்தார்கள். வீதி வரை மணம். நான் தபசு காலத்து வெள்ளிகளில் ஒருசந்தி உபவாசம் இருப்பது அந்த வீட்டுக்குத் தெரியும். ஆகவே எனக்கு ஒருவரும் வைக்கவில்லை, நான் மறுக்க வேண்டியும் வரவில்லை. ஜெகதீஸ் இரண்டாம் முறையும் போட்டுச் சாப்பிட்டார். துஷாந்தி கொஞ்சமாகச் சாப்பிட்டாள். றொஷானி பிள்ளைக்குப் பால் கொடுத்துவிட்டுக் கடைசியில் வந்து இருந்தாள். அவள் ஆறுதலாகச் சாப்பிடட்டும் என்று நான் ஏணையை ஆட்டிக்கொண்டிருந்தேன். பாலூட்டுகிற பிள்ளை, நன்றாகச் சாப்பிட வேண்டும் என்று துஷாந்தி சட்டியில் மிஞ்சியதை அவளுடைய தட்டில் வழித்துப் போட்டாள்.

சனிக்கிழமை காலையில் மூன்று பேருக்கும் தொண்டை எரிந்தது. ஜெகதீஸ் சத்தியெடுத்தார். வாயு என்று இஞ்சி அவித்துக் குடித்தார்கள். அன்று மத்தியானம் றொஷானி என்னிடம் ஒரு கேள்வி கேட்டாள். அதைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன். ஞாயிற்றுக்கிழமை ஜெகதீஸின் நாக்கில் புண் வந்து பேச்சுக் குழறியது. அப்போதுதான் வாகனம் பிடித்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம்.

அங்கே இளம் வைத்தியர் ஒருவர். என்ன சாப்பிட்டார்கள் என்று கேட்டதற்குத் துஷாந்தி பயந்து போய் மீன் என்றாள். நான்தான் உண்மையைச் சொன்னேன். அழுங்காமை என்றேன். நஞ்சு எப்படி ஏறுகிறது, எப்படி வேலை செய்கிறது, மாற்று மருந்து ஏன் இல்லை, எல்லாவற்றையும் சொன்னேன். அவர் கதிரையை இழுத்துப் போட்டு எனக்கு முன்னால் இருந்தார். "சொல்லுங்கோ சேர்" என்றார். இன்னும் இரண்டு தாதிமாரைக் கூப்பிட்டு, இவர் சொல்கிறதைக் கேளுங்கள் என்றார். "உங்களுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்?" என்று கேட்டார். ஜெகதீஸ் பக்கத்துக் கட்டிலில் கண்ணைப் பாதி மூடிக்கொண்டு கிடந்தார். அவருக்கும் கேட்டிருக்கும். நான் பேசி முடிக்கும் வரை அவர் ஒருமுறையும் குறுக்கிடவில்லை. தம்பி, ஒளிப்பதில் பிரயோசனமில்லை. என் மனைவி போனபின் எனக்குக் கிடைத்த நல்ல பொழுது அதுதான்.

குழந்தை திங்கட்கிழமை இறந்தது. சுவாசம் மெதுவாகி, நித்திரை போலப் போய்விட்டது. ஜெகதீஸ் அதை அறியாமலே அடுத்த நாள் இறந்தார். துஷாந்தியும் றொஷானியும் தப்பிவிட்டார்கள். "பிள்ளை ஒண்டும் சாப்பிடேல்லையே" என்று வைத்தியர் எங்களைப் பார்த்துக் கேட்டார். நான் குழந்தையின் போர்வையை மடித்துக்கொண்டிருந்தேன். அவர் தன் போனை எடுத்துத் தேடினார். நெடுநேரம் வாசித்தார். பிறகு றொஷானி படுத்திருந்த பக்கம் பார்த்தார், அவளிடம் போகாமல் வெளியே போய் நின்றார்.

பிறகு நடந்தது உங்களுக்குத் தெரியும். ஈரலைக் காகத்துக்கு வைக்கவில்லையா என்று யாரோ கேட்க, வைத்தோம், அத்தான்தான் பார்த்தவர் என்று துஷாந்தி சொல்லியிருக்கிறாள். அவள் என்னில் சந்தேகப்பட்டுச் சொல்லவில்லை. இன்றைக்கும் எனக்குச் சோறு கட்டி அனுப்பியிருக்கிறாள், நீங்களே பிரித்துப் பார்த்தீர்கள். கண் மங்கலாக இருந்திருக்கும், மாஸ்ரர், காகம் தின்றது போலத் தெரிந்திருக்கும் என்று நீங்கள் எனக்கு வழி காட்டுகிறீர்கள். என் இரண்டு கண்ணுக்கும் போன ஆண்டுதான் சத்திர சிகிச்சை செய்தது. பூவரசுக்குக் கீழே நின்று காகத்தின் கழுத்து நரையைக் கூடப் பார்த்தேன். காகம் ஒரு மனிதனின் முகத்தை ஆண்டுக் கணக்கில் நினைவில் வைத்திருக்கும், அது நிரூபிக்கப்பட்டது. இப்போது நான் அந்த மதிலடிக்குப் போனால் அவை கத்துகின்றன. அவற்றுக்கு எல்லாம் தெரியும். நான் மறைத்து என்ன பலன்.

இன்னொன்று மிச்சம் இருக்கிறது. சற்று முன்னர் நீங்கள் எனக்கு வாசித்துக் காட்டிய அறிக்கைப் பகுதியில் ஒரு வசனம். தாய்ப்பாலின் ஊடாக நஞ்சு பிள்ளைக்குப் போகும் என்பது இவருக்குத் தெரியாது என்று எழுதியிருக்கிறீர்கள். றொஷானி சொன்னதை வைத்து எழுதியதாகச் சொன்னீர்கள். "மாமாட்டைக் கேட்டனான். மாமாவுக்குத் தெரியாதாம்" என்று அவள் சொல்லியிருக்கிறாள். அவள் பொய் சொல்லவில்லை. அந்த வசனம் இருந்தால் குழந்தையின் சாவு என் தலையில் விழாது, தண்டனை குறையும் என்று விளங்கப்படுத்தினீர்கள். நல்ல மனது உங்களுக்கு.

றொஷானி பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது திருவிழாப் போட்டியில் கடைசிச் சுற்று வரை வந்தவள். கிண்ணத்துக்கு நான் கேட்ட கேள்வி, ஆமை இறைச்சியைத் தொடாமலே ஆமை நஞ்சினால் இறக்கக் கூடியவர் யார் என்பது. மடகஸ்கார்க் கரையில் அப்படி நடந்ததை வாசித்து நான் உண்டாக்கிய கேள்வி. அவளுக்கு விடை வரவில்லை. மேடையிலேயே அழுதாள். நான் விடையைச் சொன்னேன், அழுகையில் அவளுக்குக் கேட்கவில்லைப் போலும்.

அந்தச் சனிக்கிழமை மத்தியானம் குழந்தை பசியில் கத்தியது. றொஷானி எரிகிற வாயைப் பொத்திக்கொண்டு என்னிடம் வந்தாள்.

"மாமா, நான் சின்னனா இருக்கேக்க நீங்கள் ஆமையைப் பற்றி ஒரு கேள்வி கேட்டனீங்கள். விடை மறந்துபோச்சு. நான் இப்ப பிள்ளைக்குப் பால் குடுக்கலாமோ?"

மாதக் கணக்கில் அந்த வீட்டில் யாரும் என்னிடம் இப்படிக் கேட்டதில்லை. ஆனால் கொடுக்காதே என்றால் ஏன் என்று கேட்பாள். ஏன் என்பதற்குப் பின்னால் இறைச்சி வரும், இறைச்சிக்குப் பின்னால் காகம் வரும். இறைச்சி பிழை என்று இன்னும் ஒருவரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. எனக்கு மட்டும் எப்படித் தெரியும் என்று ஜெகதீஸ் கேட்பார். ஆகவே "தெரியாது" என்றேன். அவள் அதை நம்பினாள். உள்ளே போய்க் குழந்தையை மடியில் போட்டாள். அழுகை நின்றது. நான் விறாந்தையில் இருந்து, அது விழுங்குகிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தேன். குடித்து முடிந்ததும் அந்த "ம்" வந்தது.

அந்த வசனத்தை வெட்டிவிடுங்கள், தம்பி. மற்றதையெல்லாம் உங்கள் விருப்பப்படி எழுதுங்கள், எங்கே சொன்னாலும் கையெழுத்து வைக்கிறேன். அந்தக் கேள்வியை உண்டாக்கியவனே நான். அதற்கு விடை எனக்குத் தெரியாது என்று ஒருவரும் எழுதக் கூடாது.